‘மாற்றம் உண்டு’ என்று வந்த ரிப்போர்ட்

ஹெந்தளை, எலகந்த பக்கம் 35 வயதை எட்டும் பெண்களின் பெயர்கள் வட்டார மிட்வைஃபின் பதிவேட்டில் இருக்கும். வீட்டுக்கு வருகிறபோது அவர் வாசலில் நின்று சொல்லிவிட்டுப் போவார்: “கிளினிக்குக்கு ஒருக்கா வாங்க, பெப் டெஸ்ட் எடுப்பம்.” 45 வயதில் இன்னொரு அழைப்பு. சிங்களத்தில் ‘சுவநாரி’ என்று சொல்கிற இந்தப் பெண்கள் சுகநல கிளினிக்குகள் 1996 முதல் இலங்கையெங்கும் சுகாதார வைத்திய அதிகாரி பணிமனைகள் ஊடாக நடக்கின்றன. ஹெந்தளைக்கு அது வத்தளைப் பணிமனை.

கருப்பைக் கழுத்திலிருந்து சுரண்டி எடுத்த கலங்கள் கண்ணாடித் துண்டில் பூசப்பட்டு ஆய்வுகூடத்துக்குப் போகும். பெரும்பாலானவர்களுக்கு ஒன்றுமில்லை என்றே பதில் வரும். சிலருக்கு மட்டும் ‘வந்து டொக்டரைச் சந்தியுங்கள்’ என்று செய்தி வரும். போனால் கையில் கிடைப்பது ஆங்கிலத்தில் அச்சடித்த ஒரு தாள், அதில் சில பெரிய எழுத்துகள். வீட்டில் தமிழ், கிளினிக்கில் சிங்களம், தாளில் ஆங்கிலம் என்றிருக்கிற ஊரில் அந்த எழுத்துகளைப் பொறுமையாக விளக்கிச் சொல்ல ஆள் கிடைப்பது அதிர்ஷ்டத்தைப் பொறுத்தது. அதனால் சிலர் அன்றிரவே தமக்குப் புற்றுநோய் என்று முடிவுகட்டி அழுகிறார்கள். வேறு சிலர், வலி இல்லை, ரத்தம் படவில்லை, பிறகு பார்ப்போம் என்று தாளை அலுமாரிக்குள் வைத்துவிடுகிறார்கள். இரண்டும் பிழை. ஆனால் உயிரை எடுப்பது இரண்டாவதுதான்.

இந்தப் பரிசோதனை புற்றுநோயைத் தேடுவதற்காக மட்டும் செய்யப்படுவதில்லை. புற்றுநோயாக மாறக்கூடிய கலங்களை, மாறுவதற்குப் பல வருடங்களுக்கு முன்பே கண்டுபிடிப்பதுதான் அதன் முதல் வேலை. கிரேக்க நாட்டு வைத்தியர் யோர்கோஸ் பப்பனிக்கொலாவ் அமெரிக்காவில் இருந்தபோது இந்த முறையை வளர்த்தெடுத்தார். 1943இல் ஹேர்பர்ட் ட்ரௌட்டுடன் சேர்ந்து அதை நூலாக வெளியிட்டார். (அவருடைய ஆராய்ச்சிக்குப் பல வருடங்கள் மாதிரி கொடுத்தவர் அவருடைய மனைவி அன்ட்ரோமக்கே. ‘பெப்’ என்ற பெயரில் அந்த அம்மாவுக்கும் பங்குண்டு என்பது என் கட்சி.)

கருப்பைக் கழுத்தின் வெளிப்புறத்தைத் தட்டையான செதிள் கலங்களும், உட்புறக் குழாயைச் சளி சுரக்கும் உயரமான கலங்களும் மூடியிருக்கின்றன. இவை சந்திக்கும் வளையத்தில் ஒரு வகைக் கலம் மற்ற வகையாக மாறிக்கொண்டே இருக்கும். எச்.பி.வி. வைரசுக்கு வசதியான இடம் அதுதான். உடலுறவின்போது ஏற்படும் கண்ணுக்குத் தெரியாத சிராய்ப்பு வழியாக அது அடியடுக்குக் கலத்துக்குள் புகுந்துவிடும். பத்தில் ஒன்பது பேரின் உடல் இரண்டு வருடத்துக்குள் அதை அடக்கிவிடுகிறது. அடங்காமல் நீடிக்கிற சிலரில், வைரசின் இரண்டு புரதங்கள் கலத்தின் பெருக்கத்துக்குக் கடிவாளம் போடும் புரதங்களைச் செயலிழக்கச் செய்கின்றன. இந்த வைரசில் பல வகைகள் உண்டு. கருப்பைக் கழுத்துப் புற்றுநோயில் சுமார் 70 சதவீதத்துக்குக் காரணம் 16, 18 ஆகிய இரண்டு வகைகள். இதைக் கண்டறிந்த ஜெர்மன் விஞ்ஞானி ஹரால்ட் சுர் ஹவுசனுக்கு 2008இல் நோபல் பரிசு கிடைத்தது. தொற்றிலிருந்து புற்றுநோய் வரை பொதுவாக 15 முதல் 20 வருடம் செல்லும். நமக்குக் கிடைத்திருக்கிற அவகாசம் அவ்வளவு பெரியது.

இனி அந்த எழுத்துகளுக்கு வருவோம். ‘என்.ஐ.எல்.எம்.’ என்றிருந்தால் புற்றுநோய்க்கோ அதன் முன்நிலைக்கோ அறிகுறி இல்லை. கூடவே அழற்சி, பங்கசு என்று எழுதியிருந்தால் அதற்கு மருந்து உண்டு. ‘போதாத மாதிரி’ என்று வந்தால் கலங்கள் சரியாகக் கிடைக்கவில்லை என்பது மட்டும்தான் பொருள், திரும்ப எடுக்க வேண்டும். ‘ஏ.எஸ்.சி.-யூ.எஸ்.’ என்பதுதான் அதிகம் வருகிற மாற்றம். கலங்கள் முழுதும் இயல்பாக இல்லை, ஆனால் காரணம் தெளிவில்லை. அழற்சியாக இருக்கலாம், மாதவிடாய் நின்ற பின் வரும் வறட்சியாக இருக்கலாம், வைரசாகவும் இருக்கலாம். எச்.பி.வி. சோதனை செய்து பார்ப்பார்கள், அல்லது குறித்த காலம் கழித்து மறுபடி பெப் எடுப்பார்கள். ‘எல்.எஸ்.ஐ.எல்.’ என்றால் வைரஸ் இப்போது கலத்துக்குள் இருக்கிறது என்று பொருள். இதிலும் பெரும்பகுதி சிகிச்சை இல்லாமலே ஒன்றிரண்டு வருடத்தில் மறைந்துவிடும். ஆனால் மறைந்ததா என்று பார்த்தாக வேண்டும்.

‘எச்.எஸ்.ஐ.எல்.’, ‘ஏ.எஸ்.சி.-எச்.’ என்ற இரண்டும் வேறு ரகம். இதுவும் புற்றுநோய் என்று பொருளல்ல. ஆனால் காத்திருக்கும் விஷயமும் அல்ல, நேரே கொல்போஸ்கொப்பி என்ற அடுத்த பரிசோதனைக்குப் போக வேண்டும். அரிதாக வரும் ‘ஏ.ஜி.சி.’யும் அப்படித்தான். அது சுரப்பிக் கலங்களில் உள்ள மாற்றம். குழாயின் உள்ளேயும், 35 வயதுக்கு மேற்பட்டவர்களில் கருப்பையின் உட்சுவரையும் சேர்த்துப் பார்க்க வேண்டிவரும்.

காத்திருந்தால் என்ன ஆகும்? இதற்கு விடை நியூசிலாந்தில் கிடைத்தது, கிடைத்த விதம்தான் கொடுமை. ஒக்லாந்து தேசிய மகளிர் வைத்தியசாலையில் ஹேர்பர்ட் கிரீன் என்ற பேராசிரியர், தீவிர முன்நிலை மாற்றம் புற்றுநோயாக மாறாது என்று நம்பினார். 1966 முதல் பல பெண்களுக்கு முழுச் சிகிச்சை கொடுக்காமல் கவனித்துக்கொண்டிருந்தார். தாங்கள் ஓர் ஆய்வில் இருப்பது அந்தப் பெண்களுக்குத் தெரியாது. 1987இல் சாண்ட்ரா கோனி, ஃபிலிடா பங்கிள் ஆகிய இருவர் சஞ்சிகைக் கட்டுரை ஒன்றில் இதை வெளிக்கொண்டுவந்தார்கள். நீதிபதி சில்வியா கார்ட்ரைட் தலைமையில் விசாரணை நடந்து, 1988இல் அறிக்கை வந்தது. அந்தப் பழைய பதிவுகளை ஆராய்ந்து 2008இல் வெளியான கணக்கு இது: முறையான சிகிச்சை பெறாதவர்களில் 30 வருடத்துக்குள் சுமார் 30 சதவீதத்தினருக்குப் புற்றுநோய் வந்தது. சிகிச்சை பெற்றவர்களில் அது ஒரு சதவீதத்துக்கும் குறைவு.

கிரீன் பார்த்தது பொய்யல்ல. தீவிர மாற்றம் உள்ள பலருக்குப் புற்றுநோய் வரவில்லைதான். ஆனால் யாருக்கு வரும், யாருக்கு வராது என்பதை நுணுக்குக்காட்டி சொல்லாது. அதனால்தான் ‘எச்.எஸ்.ஐ.எல்.’ தாளோடு வருகிறவரை எந்த நல்ல டொக்டரும் சும்மா அனுப்புவதில்லை.

கொல்போஸ்கொப்பி என்ற பெயர் கேட்டுப் பயப்படுகிறார்கள். அது உருப்பெருக்கிக் கருவி கொண்டு கருப்பைக் கழுத்தைப் பார்ப்பது, அவ்வளவே. பெப் எடுத்தபோது படுத்தது போலவே படுக்க வேண்டும். நீர்த்த அசெற்றிக் அமிலம், அதாவது வினாகிரியில் இருக்கும் அதே அமிலம், தடவியதும் மாற்றமடைந்த இடம் வெண்மையாகத் தெரியும். பிறகு அயடீன். இயல்பான கலம் பழுப்பாகும், மாற்றமுள்ளது மஞ்சளாகவே நிற்கும். சந்தேகமான இடத்திலிருந்து சிறு துணுக்கு எடுத்து அனுப்புவார்கள். மாற்றத்தின் தீவிரத்தைப் பொறுத்து சி.ஐ.என். 1, 2, 3 என்று அதன் முடிவு வரும். முதலாவதைப் பெரும்பாலும் கவனித்துக்கொண்டிருப்பார்கள். மூன்றாவது என்றால் அந்தப் பகுதியை மரக்கச் செய்து, மின்சாரம் பாயும் மெல்லிய கம்பி வளையத்தால் அந்த இடத்தை வழித்தெடுப்பார்கள். கருப்பையை எடுப்பதில்லை. அதன் பிறகும் பிள்ளை பெறலாம். ஆழமாக வெட்டியிருந்தால் குறைமாதப் பிரசவத்துக்கான வாய்ப்பு சற்றுக் கூடும் என்பதால், அடுத்த கர்ப்பத்தில் இதை மறக்காமல் டொக்டரிடம் சொல்ல வேண்டும்.

இன்னொரு சிக்கல் வைத்தியத்தில் இல்லை, வீட்டில் இருக்கிறது. எச்.பி.வி. உடலுறவால் தொற்றுவது என்று தெரிந்த நிமிடத்தில் “அப்ப இது யாரிட்ட இருந்து வந்தது?” என்ற கேள்வி எழும். கணவன் மனைவியைப் பார்ப்பார், மாமியார் இருவரையும் பார்ப்பார். உண்மையில் உடலுறவு வாழ்க்கைக்கு வந்த பெரும்பாலானோருக்கு எப்போதாவது இந்த வைரஸ் தொற்றுகிறது. அது பல வருடங்கள் அடங்கிக் கிடந்து பிறகு சோதனையில் தெரியலாம். எப்போது வந்தது, யாரிடமிருந்து வந்தது என்று எந்தச் சோதனையும் காட்டாது. இந்தத் தாளை வைத்து யாருடைய ஒழுக்கத்துக்கும் தீர்ப்பெழுத முடியாது.

ஒரு நோயின் பெயர் மனிதரை என்ன செய்யும் என்பது ஹெந்தளைக்குப் புதிதல்ல. ஒல்லாந்தர் 1708இல் தொடங்கிய தொழுநோய் வைத்தியசாலை இந்த மண்ணில்தான் இருக்கிறது. அந்த நோய்க்கு முழுதாகக் குணப்படுத்தும் மருந்து வந்து தசாப்தங்கள் கடந்தும் பெயரின் பயம் போகவில்லை. பயந்து ஒளிந்தவர்களுக்குத்தான் கையும் காலும் ஊனமாயின. கருப்பைக் கழுத்து விஷயத்திலும் வெட்கமும் சந்தேகமும் செய்வது அதே வேலை: பெண்களைக் கிளினிக்கிலிருந்து தள்ளி நிறுத்துகின்றன.

பரிசோதனை உண்மையில் உயிரைக் காக்கிறதா என்று கேட்பவர்களுக்குத் தமிழ்நாட்டுத் திண்டுக்கல் மாவட்டத்தின் ஆய்வு பதில் சொல்லும். அங்கே 30 முதல் 59 வயதுப் பெண்களை, பயிற்சி பெற்ற தாதியர் அசெற்றிக் அமிலம் தடவி ஒரே ஒரு தடவை பார்த்தார்கள். மாற்றம் தெரிந்தவர்களுக்குச் சிகிச்சை கொடுத்தார்கள். ‘லான்செட்’ சஞ்சிகையில் 2007இல் வந்த முடிவின்படி, இந்த நோயால் இறப்பது 35 சதவீதம் குறைந்தது. பெரிய ஆய்வுகூடம் எதுவும் தேவைப்படவில்லை. கண்டதும் சிகிச்சை கொடுத்ததுதான் அங்கே வேலை செய்தது.

இலங்கையில் 2017 முதல் 6ஆம் வகுப்பு மாணவிகளுக்கு எச்.பி.வி. தடுப்பூசி போடப்படுகிறது. நல்ல விஷயம். ஆனால் அன்று 10, 11 வயதில் ஊசி போட்ட பிள்ளைகள் 35ஐத் தொட 2041 ஆகிவிடும். இன்று 35இலும் 45இலும் இருக்கிற அம்மாக்களுக்குக் கிளினிக்தான் வழி. பிள்ளைப்பேற்றை நிறுத்த ஒப்பரேஷன் செய்தவர்களும், மாதவிடாய் நின்றவர்களும் இதில் சேர்த்தி.

ரிப்போர்ட் சாதாரணம் என்று வந்தாலும், உறவுக்குப் பின் ரத்தம் பட்டாலோ மாதவிடாய் நின்ற பிறகு ரத்தம் பட்டாலோ அடுத்த பெப் திகதி வரை காத்திருக்காதீர்கள். மாதிரி கொடுத்துவிட்டுப் பதில் வராவிட்டால் ‘ஒன்றுமில்லைபோல’ என்று எண்ணாமல் கேட்டு வாங்குங்கள். பழைய தாள் அலுமாரியில் கிடந்தால், எத்தனை வருடமானாலும் சரி, அதை எடுத்துக்கொண்டு வத்தளைப் பணிமனைக்குப் போங்கள். தமிழில் சொல்ல ஆள் வேண்டுமென்றால் கேளுங்கள், அல்லது பேசத் தெரிந்த ஒருவரைக் கூட்டிப்போங்கள். பரிசோதனைக்கும், அதற்குப் பின் அரச ஆஸ்பத்திரியில் நடக்கும் சிகிச்சைக்கும் கட்டணம் இல்லை.