நடிக்க வந்தவர் நடத்திக் காட்டினார்!

எழுதிக் கொடுத்ததைப் பேசுவாள், சொன்ன இடத்தில் நிற்பாள்; நடிகைக்கு வேறென்ன தெரியும்? நாடு போட்டு வைத்த கணக்கு இது, தம்பி!

அந்தக் கணக்கைக் கிழித்தெறிந்தவர் டி. பி. ராஜலட்சுமி. சிறுவயதிலேயே மணம், அந்த வாழ்வு முறிந்தபின், வயிற்றுப்பாட்டுக்கு நாடக மேடை. 1931-ல் 'காளிதாஸ்' பேசும்படத்தின் கதாநாயகி.

ஐந்தே ஆண்டுகள். 1936-ல் வந்தது 'மிஸ் கமலா'. கதை யாருடையது? அவர் எழுதிய 'கமலவல்லி' நாவல். கதாநாயகி யார்? அவர்தான். டைரக்டர்? அதுவும் அவரே! தமிழ்ப் படவுலகின் முதல் பெண் டைரக்டர்.

எந்தக் கல்லூரி கற்றுக் கொடுத்தது? மேடையும் உழைப்பும் கற்றுக் கொடுத்தன!

தறி ஓட்டுபவனுக்கு ஆலை நடத்தத் தெரியுமா என்று இளித்துக் கேட்பார்கள், தோழர்களே. ஏவலுக்கு நின்றவர் ஏவிக் காட்டிய ஆண்டு 1936 என்று சொல்லுங்கள்!