கதவைத் தட்டினால் திறப்பவர் யார் தெரியுமா?

பழைய பிரெஞ்சு நகைச்சுவைப் படம் எதையாவது போடுங்கள். யாரோ கதவைத் தட்டுவார்கள். திறப்பது யார்? பல படங்களில் இந்த அம்மாதான்! பெயர் போலின் கார்த்தோன். தூக்கிக் கட்டிய கொண்டை, கறாரான முகம், வெடுக்கென்ற பேச்சு. வேலைக்காரி, சமையல்காரி, வம்புக்காரப் பக்கத்து வீட்டுக்காரி... மொத்தம் எத்தனை படங்கள் தெரியுமா? 190-க்கும் மேல்!

திரையில் ஊருக்கெல்லாம் பணிவிடை செய்தவர் நிஜத்தில் எங்கே குடியிருந்தார்? பாரிஸில், ஒரு ஹோட்டலில்! அதுவும் ஆண்டுக்கணக்கில்!

இயக்குநர் சாஷா கித்ரிக்கு இவர் இல்லாமல் படம் எடுக்கவே வராது போலும்! 1930களின் நடுவில் தொடங்கிய கூட்டணி, 1957-ல் கித்ரி இறக்கும் வரை நீடித்தது. 1951-ல் வந்த ‘லா புவாஸோன்’ படத்தில் பெயர்கள் எப்படி வருகின்றன தெரியுமா? கித்ரியே கேமரா முன் வந்து, நடிகர்களை ஒவ்வொருவராக நேரில் பார்த்துப் பாராட்டுகிறார். அந்த மரியாதை கார்த்தோனுக்கும் உண்டு!

அதைவிட விநோதம், 1936-ல் வந்த ‘ஒரு மோசடிக்காரனின் கதை’! கல்லாவில் காசு திருடிய சிறுவனுக்கு அன்று காளான் கறி கிடையாது என்று தண்டனை. காளானோ விஷம்! சாப்பிட்ட குடும்பத்தார் 11 பேரும் காலி! திருடன் மட்டும் பிழைத்தான்! அநாதையான அவனைச் சொத்தோடு சேர்த்து அணைத்துக்கொள்ளும் உறவுக்காரி யார்? நம் கார்த்தோன்தான். ஆனால் அவர் வாயசைத்தால் கேட்பது யார் குரல்? கித்ரியின் குரல்! ஏறக்குறைய படம் முழுக்க அவர் ஒருவரே கதை சொல்கிறார்! வெடுக்கென்று பேசும் அவரையே ஊமையாக்கத் துணிச்சல் வேண்டும்!

கவிஞர் ழான் கொக்தோவின் ‘ஒரு கவிஞனின் இரத்தம்’ பார்த்திருக்கிறீர்களா? 1932-ல் திரைக்கு வந்த கனவு மாதிரியான படம். அதில் கார்த்தோன் ஒரு சிறுமிக்கு என்ன பாடம் நடத்துகிறார்? பறக்கும் பாடம்! கையில் சாட்டையோடு! சிறுமியோ சுவரில் ஏறிக் கூரையில் ஒட்டிக்கொண்டு நாக்கைத் துருத்துகிறாள்!

பாடியும் இருக்கிறார், தெரியுமா? 1934-ல், 50 வயதில், ஓர் இசை நாடகத்தில் சதுப்பு நில மரங்களின் நிழலில் காதல் டூயட்! இசையமைத்தவர் கியூபாவின் மோயிசஸ் சிமோன்ஸ். உலகையே ஆட்டிவைத்த ‘வேர்க்கடலை வியாபாரி’ பாட்டும் அவருடையதுதான்!

ஜான் வெய்ன், ஷான் கானரி நடித்த போர்ப் படம் ‘தி லாங்கஸ்ட் டே’ நினைவிருக்கிறதா? 1962-ல் வந்தது. அதிலும் இருக்கிறார், 78 வயதில்! என்ன வேஷம் என்று கேட்கவும் வேண்டுமா? வேலைக்காரிதான்!

பிறந்தது 1884 ஜூலை 4. மறைந்தது 1974 ஜூன் 17. 90 வயது நிறைய எத்தனை நாள் பாக்கி? வெறும் 17! உடலை என்ன செய்யச் சொல்லியிருந்தார் தெரியுமா? மருத்துவ ஆராய்ச்சிக்குக் கொடுத்துவிடச் சொல்லியிருந்தார்!