200 பேருக்கு ஒரு நகரசபை! வடகடல் தீவின் விந்தை வரலாறு

மொத்த ஜனத்தொகையே சுமார் 200 பேர்தான். ஆனாலும் அவர்களுக்கென்று தனியாக ஒரு நகரசபை இருக்கிறது. தேர்தல் நடக்கிறது. தலைவர் இருக்கிறார். பட்ஜெட் போடுகிறார்கள்; அதில் சண்டையும் போடுகிறார்கள்!

நார்வே நாட்டின் மேற்குக் கரையில் இருந்து சுமார் 18 கிலோ மீட்டர் தள்ளி, வடகடலில் தன்னந்தனியாக நிற்கும் அந்தத் தீவின் பெயர் உட்சீரா. பரப்பளவு 6 சதுர கிலோ மீட்டருக்குச் சற்று அதிகம். நார்வேயில் இன்று 357 உள்ளாட்சிகள் இருக்கின்றன. ஜனத்தொகையில் கடைசி இடம் உட்சீராவுக்கு. மும்பையில் சாலில் குடியிருப்பவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. பெரிய சால் ஒன்றில் இதைவிட அதிகம் பேர் இருப்பார்கள்.

"இவ்வளவு சின்ன ஊருக்கு எதற்குத் தனி நகரசபை? பக்கத்து ஊரோடு சேர்த்துவிட வேண்டியதுதானே?" என்று கேட்கத் தோன்றும். நார்வே அரசாங்கத்துக்கும் அந்த யோசனை ஒரு முறை அல்ல, இரண்டு முறை வந்தது. அந்தக் கதைக்குப் போகுமுன் தீவை ஒரு சுற்று சுற்றி வருவோம்.

கப்பல் எந்தத் துறையில் நிற்கும்?

கரையில் உள்ள பெரிய ஊர் ஹௌகசுண்ட். அங்கிருந்து பயணிகள் கப்பலில் ஏறினால் உட்சீரா சேர ஒரு மணி பத்து நிமிடம் ஆகும். இடையில் மறைப்பே இல்லாத திறந்த கடல். குளிர்காலத்தில் அலை எழும்பினால் பழகியவர்களுக்கே வயிற்றைப் புரட்டும்.

தீவின் கிழக்கே ஒரு குன்று. மேற்கே ஒரு குன்று. நடுவே வடக்குத் தெற்காக ஒரு பள்ளத்தாக்கு ஓடுகிறது. வீடுகளும் வயல்களும் பெரும்பாலும் அந்தப் பள்ளத்தாக்கில்தான். அதன் வடகோடியில் ஒரு துறைமுகம். தென்கோடியில் ஒரு துறைமுகம். இத்தனூண்டு தீவுக்கு எதற்கு இரண்டு? ஒரு பக்கம் காற்று சீறும்போது மறுபக்கம் படகுக்கு ஒதுங்க இடம் கிடைக்கும். அதற்காகத்தான்.

மரங்கள் குறைவு. காற்று அவற்றை வளர விடுவதில்லை. கல்லை அடுக்கிக் கட்டிய வேலிச் சுவர்கள், புல்வெளி, ஆடுகள். பூமத்திய ரேகையில் இருந்து 59 டிகிரி வடக்கே இருந்தும் கடல் உறைவதில்லை. அட்லாண்டிக் சமுத்திரத்தின் வெப்ப நீரோட்டம் இந்தக் கரையைத் தொட்டுப் போவதால், மழையும் காற்றும்தான் அதிகமே தவிர, உள்நாட்டைப் போல் கடுங்குளிர் கிடையாது.

மேற்குக் குன்றின் மேல் 1844-ம் ஆண்டில் கட்டிய கலங்கரை விளக்கம் நிற்கிறது. அதன் கோபுரம் குட்டைதான். ஆனால் குன்றின் தயவால் விளக்கு கடல் மட்டத்துக்கு மேல் 78 மீட்டர் உயரத்தில் எரிகிறது. நார்வேயிலேயே இவ்வளவு உயரத்தில் எரியும் கலங்கரை விளக்கம் வேறு இல்லை. ஆரம்பத்தில் பக்கத்துப் பக்கத்தில் இரட்டைக் கோபுரங்களில் இரண்டு விளக்குகள் எரிந்தன. ராத்திரியில் வரும் மாலுமி, இரண்டு விளக்கைக் கண்டால் "இது உட்சீரா" என்று அடையாளம் தெரிந்துகொள்வார். 1890-க்குப் பிறகு ஒரே விளக்குதான்.

ஹெர்ரிங் என்ற மீன்தான் இந்தக் கரையை வாழ வைத்தது. நம் மத்திக்கு உறவுமுறை. 19-வது நூற்றாண்டில் அது கூட்டம் கூட்டமாகக் கரைக்கு வந்தபோது மீனவர்களும் வியாபாரிகளும் குவிந்தார்கள். ஹௌகசுண்ட் ஊரே அந்த மீன் காசில் எழும்பியதுதான். மீன் சில வருஷம் கொட்டும். சில காலம் தலைகாட்டாது. தீவுக்காரர்களின் வாழ்வும் தாழ்வும் அதனோடு ஏறி இறங்கின. மீன் பிடிக்காத நேரத்தில் வயல், ஆடு. அந்நியக் கப்பல்களுக்கு வழி காட்டிக் கூட்டிச் செல்லும் வேலையும் உண்டு. 1785-ல் கட்டிய சிறிய மரத் தேவாலயம் அந்தக் காலத்துக்கெல்லாம் சாட்சியாக இன்னும் நிற்கிறது.

11 பெண்கள், ஒரே ஓர் ஆண்

நார்வேயில் உள்ளாட்சியை 'கொம்யூனே' என்கிறார்கள். 1837-ம் ஆண்டுச் சட்டத்தில் பிறந்தது அது. தலைவருக்கு அவர்கள் மொழியில் உள்ள பதவிப் பெயருக்கு, சொல்லுக்குச் சொல் பார்த்தால், 'சொல்லை ஏந்திச் செல்பவர்' என்று பொருள். உச்சரிப்பு ஏறக்குறைய 'ஊர்-ஃபோரர்'. அதில் நம் 'ஊர்' வந்து உட்கார்ந்திருப்பது தற்செயல்தான். ஆனால் பொருத்தமாக இருக்கிறது!

உட்சீரா முதலில் தனி ஊராட்சியாக இல்லை. எதிர்க் கரையில், கார்மோய் தீவில் உள்ள டோர்வஸ்டாட் என்ற ஊராட்சியில் ஒரு பகுதியாக இருந்தது. ஒரு கூட்டத்துக்குப் போய் வர வேண்டும் என்றாலும் கடல் மனம் வைக்க வேண்டும். 1924-ல் பிரிந்து தனிக் கொம்யூனே ஆனது.

அடுத்த ஆண்டே, 1925-ல், உள்ளாட்சித் தேர்தல் வந்தது. முடிவு தெரிந்தபோது நாடே திரும்பிப் பார்த்தது. 12 இடங்களில் 11 இடம் பெண்களுக்கு! ஓர் ஆண் மட்டும் தப்பிப் பிழைத்தார்.

நார்வேயில் எல்லாப் பெண்களுக்கும் உள்ளாட்சி ஓட்டுரிமை 1910-ல் கிடைத்தது. பார்லிமெண்டு ஓட்டுரிமை 1913-ல். ஆனால் ஓட்டுப் போடுவது வேறு, நாற்காலியில் உட்காருவது வேறு. அந்த நாட்களில் சபையில் ஒரு பெண் இருந்தாலே அதிசயம். விளையாட்டாக ஆரம்பித்த காரியம் அது, பெண்கள் பெயரை எழுதிப் போட்டுவிட்டு ஆண்கள் சிரித்துக் கொண்டார்கள் என்று ஒரு கதை உண்டு. விளையாட்டோ, வினையோ, ஓட்டு ஓட்டுதானே?

சபை கூடித் தலைவராகத் தேர்ந்தெடுத்தது ஓசா ஹெல்கேசன் என்ற அம்மையாரை. அவர் தீவின் மருத்துவச்சி. யோசித்துப் பார்த்தால் இதைவிடப் பொருத்தமான ஆள் கிடைத்திருக்க முடியாது. எந்த வீட்டில் எத்தனை குழந்தை, எந்த வீட்டில் அடுப்பு எரியவில்லை என்பதெல்லாம் மருத்துவச்சிக்குத் தெரிவதுபோல் வேறு யாருக்குத் தெரியும்? 1926 முதல் 1928 வரை மூன்று ஆண்டுகள் அவர் பதவி வகித்தார். நார்வே சரித்திரத்தில் முதல் பெண் உள்ளாட்சித் தலைவர் அவர்தான். தலைநகரமான ஓஸ்லோவுக்குக் கிடைக்காத பெருமை, கடல் நடுவே இருந்த குட்டித் தீவுக்குக் கிடைத்தது.

தவணை முடிந்ததும் ஆண்கள் திரும்ப வந்து உட்கார்ந்து கொண்டார்கள். ஒரு தேர்தலில் உலகம் மாறிவிடவில்லை. 1971 உள்ளாட்சித் தேர்தலில்தான் அடுத்த பெரிய அதிர்ச்சி. வேட்பாளர் பட்டியலில் ஆண்கள் பெயரை அடித்துவிடும் உரிமையை வாக்காளர்கள் பயன்படுத்தினார்கள். ஓஸ்லோ, ட்ரான்ஹைம், ஆஸ்கர் ஆகிய மூன்று சபைகளில் பெண்கள் பெரும்பான்மை ஆனார்கள். 1981-ல் குரோ ஹார்லம் புருண்ட்லாண்ட் நாட்டின் முதல் பெண் பிரதமர் ஆனார். நம் நாட்டில் பஞ்சாயத்திலும் நகரசபையிலும் பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்கு இடம் என்று அரசியல் சட்டத் திருத்தம் 1992-ல் வந்தது. பல ஊர்களில் நாற்காலியில் மனைவி, பேனாவைப் பிடிப்பது கணவர் என்பது வேறு விஷயம்.

தாய் போனாள், மகள் நிற்கிறாள்

இனி, முதலில் கேட்ட கேள்விக்கு வருவோம்.

1950-களின் கடைசியில் நார்வே அரசாங்கம் சின்னச் சின்ன உள்ளாட்சிகளை ஒன்றாக இணைக்கத் தொடங்கியது. 744 ஆக இருந்த எண்ணிக்கை சுமார் பத்தே ஆண்டில் 454 ஆகக் குறைந்தது. உட்சீராவின் பழைய தாய் ஊராட்சியான டோர்வஸ்டாட், 1965-ல் கார்மோய் நகரசபையில் கரைந்து மறைந்தது. உட்சீரா மட்டும் தனியாகவே நின்றது. அரை நூற்றாண்டு கழித்து மறுபடியும் இணைப்பு அலை அடித்தது. 428 இருந்தவை 2020-ல் 356 ஆயின. அப்போதும் உட்சீரா அசையவில்லை. (பிறகு சேர்த்த ஒன்று பிரிந்து போனதால் 2024 முதல் 357.)

இதில் ஒரு சங்கடம் இருக்கிறது. நார்வே சட்டத்தில் பெரிய நகரம், சின்ன ஊர் என்ற பேதம் கிடையாது. ஏழு லட்சம் பேர் வாழும் ஓஸ்லோவுக்கு என்னென்ன உள்ளாட்சிக் கடமைகளோ, 200 பேர் வாழும் உட்சீராவுக்கும் அவையே. பாலர் பள்ளி, பத்தாம் வகுப்பு வரை பள்ளிக்கூடம், வைத்திய வசதி, முதியோர் பராமரிப்பு, குடிநீர், தீயணைப்பு, கட்டட அனுமதி எல்லாவற்றுக்கும் சபையே பொறுப்பு. வரிப்பணம் மட்டும் இதற்குக் காணாது. மத்திய அரசு மானியம் தருகிறது. தனியாகச் செய்ய முடியாததை அக்கரை நகரசபைகளோடு கூட்டுச் சேர்ந்து செய்து கொள்கிறார்கள்.

செலவுக் கணக்கு மட்டும் பார்க்கிற குமாஸ்தா இந்தத் தீவை என்றைக்கோ அடித்திருப்பார். ஆனால் எதிர்வாதமும் லேசானது அல்ல. கடலுக்கு அக்கரையில் இருக்கும் நகரசபையில், பல்லாயிரம் ஓட்டுகளுக்கு நடுவில், இந்த 200 பேரின் குரல் எங்கே கேட்கும்? கப்பல் நேரத்தை மாற்றினாலும், பள்ளியை மூடினாலும் தீவுக்காரனுக்குக் கடிதம்தான் வரும். இங்கேயோ, தலைவரைப் பார்க்க மனு எழுதிக் கால்கடுக்க நிற்க வேண்டாம். எதிரே நடந்து வருவார். 2019 தேர்தலுக்குப் பின் அந்தப் பதவிக்கு வந்தவரும் ஒரு பெண்தான்.

வந்தேறிக்கும் ஓட்டு

வெளிமாநிலத்தில் பிழைக்க வந்த நாம் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. நார்வேயில் மூன்று ஆண்டு சட்டப்படி குடியிருந்தால் போதும்; அந்நியப் பிரஜைக்கும் உள்ளாட்சித் தேர்தலில் ஓட்டு உண்டு. இந்த உரிமை 1983-ல் வந்தது. பார்லிமெண்டுத் தேர்தல் குடிமக்களுக்கு மட்டும். குப்பை அள்ளுவதையும் பள்ளிக்கூடத்தையும் தீர்மானிப்பதில் அங்கே குடியிருக்கிறவனுக்குப் பங்கு உண்டு என்பது அவர்கள் கணக்கு. இங்கே ஒரே நாட்டுக்குள் ரேஷன் கார்டை மாற்றவே நடையாய் நடப்பவர்களுக்கு இதன் அருமை புரியும்.

இலங்கையில் இருந்து போன தமிழர்கள் பலர் 1980-களில் வட நார்வேயின் மீன் தொழிற்சாலைகளில் கத்தி பிடித்து மீன் அறுத்தார்கள். அந்தச் சமூகத்தில் இருந்து, யாழ்ப்பாணத்தில் பிறந்த கம்ஷாஜினி குணரத்தினம் 2015-ல் ஓஸ்லோவின் துணை மேயர் ஆனார். 2021-ல் பார்லிமெண்டு உறுப்பினரும் ஆனார்.

பெயர் பெரிது

உட்சீராவின் பெயர் அதன் அளவுக்குச் சம்பந்தமே இல்லாமல் பரவியிருக்கிறது. பி.பி.சி. வானொலி கப்பல்களுக்காக வாசிக்கும் வானிலை அறிக்கையில் 1984 முதல் வட உட்சீரா, தென் உட்சீரா என்று இரண்டு கடற்பகுதிகள் இடம் பெறுகின்றன. கடலடியில் உள்ள ஒரு மணற்பாறைப் படுகைக்கும் இந்தத் தீவின் பெயர்தான். ஸ்லைப்னர் எரிவாயுக் களத்தில் வாயுவோடு வரும் கரியமில வாயுவை 1996 முதல் அந்தப் படுகைக்குள் செலுத்திப் புதைத்து வந்தார்கள். ஆண்டுக்குச் சுமார் பத்து லட்சம் டன் வரை! 300-க்கும் அதிகமான பறவை இனங்கள் இங்கே பதிவாகி இருப்பதால், இலையுதிர் காலத்தில் பைனாகுலரைத் தூக்கிக்கொண்டு ஒரு கூட்டம் வந்து இறங்கும்.

காற்றும் வீணாகவில்லை. 2004-ல் இரண்டு காற்றாலைகளை நட்டு, மிஞ்சிய மின்சாரத்தில் தண்ணீரைப் பிரித்து ஹைட்ரஜன் எடுத்துச் சேமித்தார்கள். காற்று ஓய்ந்த நேரத்தில் அதை எரித்துப் பத்து வீடுகளுக்கு விளக்கு எரிந்தது. இந்த முறையை உலகில் முதன்முதலாக முழு அளவில் பரீட்சித்த இடங்களில் உட்சீராவும் ஒன்று. சில ஆண்டுகளில் பரிசோதனை முடிந்தது. இப்போது தீவுக்கு மேற்கே கடலில் மிதக்கும் பெரும் காற்றாலைகளுக்கு என 2020-ல் அரசாங்கம் இடம் ஒதுக்கியிருக்கிறது. வேலை வரும் என்று ஒரு கண்ணும், மீன் போய்விடுமோ என்று ஒரு கண்ணுமாக மீனவர்கள் இருக்கிறார்கள்.

சபையின் பெரிய கவலை, ஆள்தான். பத்தாம் வகுப்பு வரைதான் தீவில் படிக்கலாம். பிறகு மேல்படிப்புக்குப் பதினாறு வயதிலேயே பெட்டியைக் கட்டிக்கொண்டு அக்கரைக்குப் போய்த் தங்க வேண்டும். போனவர்களில் எத்தனை பேர் திரும்புவார்கள் என்பது அவர்களுக்குத் தெரியாது. ஒரு குடும்பம் குழந்தைகளோடு கப்பலை விட்டு இறங்கிக் குடியேறினால், அந்த ஆண்டு பள்ளிக்கூடக் கணக்கே மாறிவிடும்.