நெரிசலுக்குள் ஒரு தனிமை

2020 மார்ச்சில் ஊரடங்கு வந்ததும் கொழும்பில் கடைகளிலும் வீடுகளிலும் வேலை பார்த்த மலையக இளைஞர்கள் பலர் ஹட்டன், நுவரெலியா தோட்டங்களுக்குத் திரும்பினார்கள். 14 நாள் தனி அறையில் இருக்கச் சொன்னது சுகாதாரத் துறை. எந்த அறையில்? தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடான பழைய லயத்தில் ஒரு குடும்பத்துக்குக் கிடைப்பது சுமார் 10 அடிக்கு 12 அடி காம்பிரா (அறை) ஒன்று, முன்னால் ஓர் இஸ்தோப்பு (திண்ணை). முதுகோடு முதுகு ஒட்டிய இரட்டை லயமென்றால் பின்பக்கம் ஜன்னலும் கிடையாது. பக்கத்துக் காம்பிராவில் குழந்தை இருமினால் இங்கே தூக்கம் கலையும்.

அடைபட்டுக் கிடப்பது என்றதும் ஆளரவமற்ற சிறைதான் நம் நினைவுக்கு வரும். ஆள் நெரிசலிலும் மனம் அடைபடும். 1970களில் உளவியலாளர்கள் ஆண்ட்ரூ பாம், ஸ்டூவர்ட் வாலின்ஸ் இருவரும் அமெரிக்காவில் மாணவர் விடுதிகளை ஆராய்ந்தார்கள். தலைக்கு இவ்வளவு இடம் என்பதில் விடுதிகளுக்கிடையே பெரிய வித்தியாசமில்லை. ஆனால் நீண்ட நடைபாதையில் வரிசையாக அறைகள் இருந்த விடுதி மாணவர்கள் மற்றவர்களைவிட அதிக நெரிசலை உணர்ந்தார்கள். விடுதிக்கு வெளியே காத்திருப்பு அறையில்கூட, புதியவரிடமிருந்து தள்ளிப்போய் உட்கார்ந்தார்கள். யாரை எப்போது எதிர்கொள்வது என்பது தன் கையில் இல்லாதபோது மனிதர் ஒதுங்கப் பழகுகிறார். வரிசைக் காம்பிரா, பொதுப் பைப், பொது வாசல் என்றிருக்கும் லயத்துக்கு இதைவிட நெருங்கிய ஆய்வை நான் படித்ததில்லை.

உளவியலாளர்கள் டேவிட் கிளாஸ், ஜெரோம் சிங்கர் செய்த சோதனை இன்னும் நேரடியானது. காதைப் பிளக்கும் சத்தத்தில் உட்கார்ந்தவர்களில் ஒரு பகுதியினருக்கு மட்டும் அதை நிறுத்த ஒரு பொத்தான் கொடுத்தார்கள். பெரும்பாலானோர் அதைத் தொடவே இல்லை. இருந்தும், பிறகு கொடுத்த புதிர்களில் அவர்களே விடாமல் முயன்றார்கள். பொத்தான் இல்லாதவர்கள் சீக்கிரமே கைவிட்டார்கள்.

தோட்டத்தில் அந்தப் பொத்தான் வெகுகாலம் தோட்ட நிர்வாகியான துரை கையில் இருந்தது. கடன் விவரம் எழுதிய 'துண்டு' இல்லாமல் இன்னொரு தோட்டத்தில் வேலை கிடைக்காது. 1921இல்தான் அது ஒழிந்தது. லயம் மட்டும் அப்படியே நிலைத்துவிட்டது.

2017 மே மாதம் நோர்வூட்டில் இந்தியப் பிரதமர் மோடி தோட்ட மக்களுக்கு 10,000 வீடுகளை அறிவித்தார். 7 பேர்ச்சஸ் காணியில் தனி வீடு என்பது நல்ல திட்டம்தான், ஆனால் நடப்பது மெதுவாகத்தான். அதுவரை? பாம் பின்னர் ஒரு விடுதியின் நீண்ட நடைபாதையை நடுவில் கதவு வைத்து இரண்டாகப் பிரித்துப் பார்த்தார். மாணவர்களின் மன அழுத்தம் குறைந்தது. நிற்கும் லயங்களிலும் இரண்டு குடும்பத்துக்கொரு பைப், இஸ்தோப்புக்கு நடுவே ஒரு தடுப்புச் சுவர் என்று தொடங்கலாம். அதற்குப் பெரிய பணம் வேண்டாம்.