மெழுகுவத்திக்கு அடுத்த ஸ்டேட்டஸ்

2024 ஜூலை 30 அதிகாலை. வயநாட்டின் மேப்பாடிப் பகுதி மலையிலிருந்து இறங்கிய மண்ணும் பாறையும் முண்டக்கை, சூரல்மலை ஊர்களை வாரிக்கொண்டு போயின. 200-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். சாலியாறு பல உடல்களைப் பக்கத்து மாவட்டத்து நிலம்பூர் வரை இழுத்துப்போய் ஒதுக்கியது. அன்றைக்கு நம் கைப்பேசிகளில் கறுப்புப் பின்னணியும் மெழுகுவத்தியும் ஏறின. எனக்குத் தெரிந்த ஒருவரின் ஸ்டேட்டஸில் மெழுகுவத்தியைத் தள்ளினால் அடுத்து மட்டன் பிரியாணி.

கூலிக்கு மாரடிக்கிறார்கள் என்று சொல்லிவிடலாம்தான். எனக்கு வாய் வரவில்லை. கூலி பேசி ஒப்பாரி பாட வந்த பெண்களைச் சிறுவயதில் பார்த்திருக்கிறேன். இரண்டாவது பாட்டு முடிவதற்குள் செத்தவர் பின்னுக்குப் போய், பாடுகிறவளின் அண்ணனோ பிள்ளையோ பாட்டுக்குள் வந்துவிடுவார். அந்தக் கண்ணீரை அன்று யாரும் சந்தேகப்பட்டதில்லை. நாலு பேர் பார்க்க அழுவது நமக்குப் பழக்கம்; இன்ஸ்டாகிராம் வந்து சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை.

ஆனால் கேதம் கேட்கப் போகிறவர் கொஞ்சநேரம் வாசலில் உட்கார வேண்டும், பேச ஒன்றுமில்லாவிட்டாலும். கிளம்பும்போது 'போயிட்டு வரேன்' என்று சொல்லக் கூடாது. வீடு திரும்பினால் குளித்துவிட்டுத்தான் உள்ளே நுழையலாம். இழவு நம்மேல் ஒட்டிக்கொண்டு வருகிறது என்பது கணக்கு. கைப்பேசியில் விரலைத் தள்ளினால் போதும், எதுவும் ஒட்டாது.

இடுக்கிக்காரர் ஒருவரும் இதே சமூக ஊடகத்தில்தான் எழுதினார்: தாயை இழந்த கைக்குழந்தைகள் இருந்தால் தன் மனைவி பால் கொடுக்கத் தயார் என்று. எழுதியதோடு நிற்கவில்லை, தங்கள் பிள்ளைகளையும் தூக்கிக்கொண்டு இருவரும் வயநாட்டுக்குக் கிளம்பினார்கள். அதற்கும் ஆபாசமாகக் கருத்துப் போட்டவர்கள் இருந்தார்கள். பிரியாணிக்காரரை நான் மன்னித்துவிடுவேன், இவர்களை முடியாது.

அடையாளம் தெரியாத உடல்களையும் உடற்பாகங்களையும் புத்துமலையில் அடக்கம் செய்தார்கள். 2019 ஆகஸ்டில் நிலச்சரிவில் புதைந்த அதே புத்துமலை. (அப்போதும் மெழுகுவத்தி ஏற்றினோம்.) இறந்தவர் என்ன மதம் என்று தெரியாததால் எல்லா மதத்தாரும் சேர்ந்து பிரார்த்தித்தார்கள். கல்லில் பெயர் இல்லை, எண் மட்டும். பிறகு டி.என்.ஏ. முடிவுகள் வர வர, சில எண்களுக்குப் பெயர் கிடைத்தது. அந்தச் செய்திகள் வந்த நாட்களில் என் கைப்பேசியில் ஒரு மெழுகுவத்தியும் கண்ணில் படவில்லை. நானும் ஏற்றவில்லை.