அம்பிற்குச் சிறகமைத்தல்: வெப்பத்தால் சுருங்கும் உறையின் செயல்முறையும் கலைச்சொற்களும்

ஆய்வுச் சுருக்கம்

அம்பின் அடிப்பகுதியில் சிறகு பொருத்துவது தொன்மையான கைத்தொழில். பசையும் நூலும் கொண்டு செய்யப்பட்ட இப்பணியை, இன்று வெந்நீரில் சில நொடிகள் அமிழ்த்தினால் சுருங்கிப் பற்றிக்கொள்ளும் பிளாஸ்டிக் உறையைக் கொண்டு வீட்டிலேயே செய்ய இயலுகிறது. அவ்வுறை இயங்கும் முறையையும், அதனைப் பொருத்தும்போது நேரும் பிழைகளின் விளைவையும் இக்கட்டுரை விளக்குகிறது. இத்துறையைத் தமிழில் எழுதுவதற்குத் தேவையான சொற்கள் சிலவும் உரிய இடங்களில் ஆராயப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: அம்பு, சிறகு, குதை, சுருங்குறை, ஈர்ப்பு மையம், கார்பன் தண்டு

முன்னுரை

அம்பின் முனை குறித்துப் பேசப்பட்ட அளவிற்கு அதன் அடி குறித்துப் பேசப்பட்டதில்லை. இலக்கைத் துளைப்பது முனை எனினும், அம்பை இலக்குவரை நேராகக் கொண்டு சேர்ப்பது அடியில் உள்ள சிறகே. வடமொழியில் ‘பத்ரின்’ என்னும் சொல் பறவை, அம்பு ஆகிய இரண்டையும் குறிக்கும்; இறகு உடையது என்பதே அதன் பொருள். அம்பிற்குப் பெயரிட்டவர்கள் கூர்மையை விடுத்து இறகை அடையாளமாகக் கொண்டமை கருதத்தக்கது.

1991ஆம் ஆண்டு இத்தாலி, ஆஸ்திரிய எல்லையை ஒட்டிய ஆல்ப்ஸ் பனியில் கண்டெடுக்கப்பட்ட, ஐயாயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட மனித உடலுடன் ஓர் அம்பறாத்தூணியும் கிடைத்தது. அதிலிருந்த 14 தண்டுகளுள் இரண்டு மட்டுமே முழுமை பெற்ற அம்புகள். அவற்றில் மூன்று இறகுப் பகுதிகள் பூர்ச்ச மரப் பிசினால் ஒட்டப்பட்டு, மெல்லிய நார்நூலால் இறுகச் சுற்றப்பட்டிருந்தன. பிசின் பிடிப்பைத் தருகிறது. நூல் அழுத்தத்தைத் தருகிறது. இவ்விரு வேலைகளையும் ஒரே பொருளிடம் ஒப்படைத்ததே சுருங்கும் உறையின் புதுமை.

இங்கிலாந்தில் அம்பு செய்வோர் 1371இல் வில் செய்வோரிடமிருந்து பிரிந்து தனித் தொழிற்குழுவாயினர். ‘பிளெட்சர்’ என்னும் குடும்பப்பெயர் அத்தொழிலின் எச்சமாகும். 1545இல் ரோஜர் ஆஸ்கம் எழுதிய ‘டாக்சோபிலஸ்’ என்னும் வில்வித்தை நூல், வாத்தினத்தைச் சேர்ந்த கூஸ் பறவையின் இறகையே உயர்ந்ததாகப் போற்றுகிறது.

சொற்கள் குறித்து

ஆங்கிலத்தில் இயற்கையான இறகிற்கும், அதன் இடத்தில் பொருத்தப்படும் பிளாஸ்டிக் தகட்டிற்கும் வெவ்வேறு சொற்கள் உள்ளன. தமிழில் எழுதுவோர் இரண்டையும் ‘இறகு’ என்றே குறித்துவிடுவதால், எப்பொருள் பேசப்படுகிறது என்பது மயங்குகிறது. இறகு என்பது ஒற்றைத் தூவல்; சிறகு என்பது பறக்கும் உறுப்பு. இவ்வேறுபாடு வழக்கில் முன்பே உள்ளது. ஆகவே பறவையிடமிருந்து பெறுவதை இறகு என்றும், அம்பின் அடியில் அமைந்து காற்றில் வேலை செய்யும் உறுப்பை, அது எப்பொருளால் ஆயினும், சிறகு என்றும் வழங்கினால் மயக்கம் நீங்கும். நாண் கொளுவும் இடத்தைக் குறிக்கும் ‘குதை’ என்னும் பழஞ்சொல், அம்பின் அடியில் உள்ள பிளவிற்கு நன்கு பொருந்துகிறது. வெப்பத்தால் சுருங்கும் உறையை வினைத்தொகையாகச் ‘சுருங்குறை’ எனலாம். இச்சொற்களே இனிக் கையாளப்படுகின்றன.

சிறகின் பணி

நாணை விடும் கணத்தில் அம்பின் தண்டு வளைகிறது. வளைந்தும் நிமிர்ந்தும் அதிர்ந்துகொண்டே வில்லை விட்டு நீங்குகிறது. இந்நிலையில் அம்பின் அடி ஒருபுறம் விலகினால், சிறகு காற்றைச் சாய்வாக எதிர்கொள்கிறது. காற்று அதனை மறுபுறம் தள்ளுகிறது. ஈர்ப்பு மையம் முன்பக்கமாகவும், காற்றின் தள்ளுவிசை பின்பக்கமாகவும் இருப்பதால் அம்பு நேர்கோட்டிற்குத் திருப்பப்படுகிறது. இவ்விரு புள்ளிகளுக்கும் இடையிலான தொலைவு எவ்வளவு மிகுகிறதோ அவ்வளவு விரைவாகத் திருத்தம் நிகழும். சிறகுகளைத் தண்டின் அச்சிற்குச் சற்றே சாய்வாக அமைத்தால் அம்பு சுழல்கிறது. அச்சுழற்சி, தண்டிலும் முனையிலும் உள்ள சிறு கோணல்களின் விளைவைச் சுற்றிலும் பகிர்ந்து சமன்செய்துவிடுகிறது.

மூன்று சிறகுகள் 120 பாகை இடைவெளியில் அமைவது பெருவழக்கு. இவற்றை ஒவ்வொன்றாக ஒட்டுவதற்குத் தண்டைச் சுழற்றிப் பிடித்துக்கொள்ளும் ஒரு பிடிகருவி தேவை. ஒவ்வொரு சிறகிற்கும் பசை இறுகும்வரை காத்திருக்கவும் வேண்டும். பன்னிரண்டு அம்புகள் என்றால் முப்பத்தாறு முறை. மூன்று சிறகுகளும் முன்பே பொருத்தப்பட்ட சுருங்குறையில் இடைவெளியும் சாய்வும் ஆலையிலேயே முடிவுசெய்யப்படுவதால் பிடிகருவிக்கு வேலையில்லை.

சுருங்குறை சுருங்குவது எவ்வாறு?

பாலியோலிஃபின் வகை உறையை எடுத்துக்கொள்வோம். முதலில் அது சிறிய விட்டமுள்ள குழாயாக வார்க்கப்படுகிறது. பின்னர் எலக்ட்ரான் கற்றை போன்ற கதிர்வீச்சினால் அதன் நீண்ட மூலக்கூற்றுச் சங்கிலிகளுக்கு இடையே குறுக்குப் பிணைப்புகள் ஏற்படுத்தப்படுகின்றன. அடுத்து, படிகப் பகுதிகள் உருகும் அளவிற்குச் சூடாக்கி, குழாயை விரியச்செய்து, விரிந்த நிலையிலேயே குளிர்விக்கிறார்கள். மீண்டும் உருவாகும் படிகங்கள் அவ்விரிவைப் பூட்டிவிடுகின்றன. பயனர் சூடாக்கும்போது பூட்டு திறக்கிறது. குறுக்குப் பிணைப்புகள் சங்கிலிகளைப் பழைய அளவிற்கு இழுக்கின்றன. உறை புதிதாக எதையும் செய்வதில்லை. தான் வார்க்கப்பட்ட வடிவிற்குத் திரும்புகிறது. அங்கே தண்டு குறுக்கே நிற்பதால் அதனை இறுகப் பற்றுகிறது.

சுருங்கும் வெப்பநிலை கலவைக்கு ஏற்ப ஏறத்தாழ 70 முதல் 120 பாகை செல்சியசுக்குள் வேறுபடும். அம்பிற்கென விற்கப்படும் உறைகள் கொதிநீரில் சுருங்குமாறு அமைந்தவை. மின்பொருள் கடையில் வாங்கும் உறைகள் எல்லாம் அவ்வாறு அமைந்தவை அல்ல. அவற்றைக் கொண்டு சிறகின் முனைகளைக் கட்ட முயல்வோர், கொதிநீரில் உறை பாதி சுருங்கி நின்றுவிடுவதைக் கண்டு வெப்பக்காற்றுத் துப்பாக்கியை நாடுகின்றனர். இடர் அங்கேதான் தொடங்குகிறது.

வெப்பத்தின் எல்லை

கார்பன் தண்டு என்பது கார்பன் இழைகளை எபாக்சி பிசினில் பதித்து இறுகச் செய்த குழாய். இழை வெப்பத்தைத் தாங்கும், பிசின் தாங்காது. பொதுப் பயன்பாட்டு எபாக்சிகள் பல 150 பாகையை எட்டும் முன்பே இறுக்கம் தளரத் தொடங்குபவை. வெப்பக்காற்றுத் துப்பாக்கியின் வாயிலில் வெப்பம் 300 பாகையையும் எளிதில் தாண்டும். அவ்வாறு தளர்ந்த தண்டு வெளித்தோற்றத்தில் மாறாதிருக்கக்கூடும். அதனை வில்லில் பூட்டி விடும்போது முழு விசையும் தண்டின் வழியே பாய, தண்டு பிளந்து அதன் சிம்புகள் வில் பிடித்த கையில் ஏறிவிடும் வாய்ப்பு உண்டு. எய்வதற்கு முன் ஒவ்வொரு தண்டையும் வளைத்து, ஒலி எழுகிறதா, விரிசல் தெரிகிறதா என்று பார்க்குமாறு தண்டு தயாரிப்போர் எச்சரிப்பது இதனால்தான்.

கொதிநீரின் சிறப்பு அதன் எளிமையன்று. அதற்கு எல்லை உண்டு என்பதே. திறந்த பாத்திரத்தில் நீர் எவ்வளவு கொதித்தாலும் 100 பாகையைத் தாண்டாது. கவனக்குறைவானவரையும் அது காக்கிறது. ஆயினும் கடல்மட்டத்திலிருந்து உயர உயர அந்த எல்லை தாழும். சுமார் 2240 மீட்டர் உயரத்தில் உள்ள உதகையில் நீர் ஏறத்தாழ 93 பாகையிலேயே கொதித்துவிடும். அத்தகைய இடங்களில் சற்றுக் கூடுதலான நேரம் தேவைப்படலாம். நொடியை எண்ணுவதைக் காட்டிலும் உறை தண்டைப் பற்றுவதைக் கண்ணால் பார்ப்பதே நம்பத்தக்க வழி.

பொருத்தும் முறை

பழைய சிறகும் பசையும் இருப்பின் மழுங்கிய கத்தியால் நீக்க வேண்டும். இழையைச் சுரண்டுமளவிற்கு அழுத்தலாகாது. பின்னர் ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலால் துடைத்து உலரவிட வேண்டும். விரல் எண்ணெய் எஞ்சியிருந்தால் உறை பின்னாளில் நழுவும். உறையை அடிப்பக்கமாக ஏற்றி, குதையின் பிளவிலிருந்து ஓர் அங்குல அளவு விட்டு நிறுத்தி, சிறகுகள் வில்லையோ தாங்கியையோ உரசாதவாறு குதையுடன் ஒப்பிட்டுத் திருப்பிக்கொள்ளலாம். செருகு குதையாயின் இதில் நேரும் பிழையைப் பிறகு குதையைத் திருப்பிச் சரிசெய்ய முடியும். ஆனால் உறை ஏற்றப்பட்ட இடம் பிசகினால் அதனை வெட்டி எறிவதைத் தவிர வேறு வழியில்லை.

ஆழமான பாத்திரத்தில் நீரைக் கொதிக்கவைத்து, முனைப்பக்கத்தைக் கையில் பிடித்து, உறை முழுதும் மூழ்குமாறு அம்பை நேர்நிலையில் இறக்க வேண்டும். பத்து நொடி அளவில் உறை சுருங்கிவிடும். அதற்கு மேல் வைத்திருந்தால் சிறகுகளின் ஓரம் நெளியலாம். எடுத்தவுடன் சிறகைத் தொடுவதும் படுக்கவைப்பதும் கூடாது. ஆறும்வரை அது மென்மையாகவே இருக்கும். ஆறிய பின் குதையைக் கழற்றித் தண்டினுள் நீர் புகுந்துள்ளதா என்று பார்ப்பது தேவையான செயல். மரத்தண்டிற்கு இம்முறை பொருந்தாது. ஈரத்தை உறிஞ்சிய மரம் வளையும்.

ஒரு கிராமின் விலை

சுருங்குறை பற்றி விளம்பரங்கள் பேசாத ஒன்று எடை. சிறகோடு உறையின் எடையும் அடியில் சேர்கிறது. 700 மில்லிமீட்டர் நீளமும் 26 கிராம் எடையும் கொண்ட ஓர் அம்பு, குதையிலிருந்து 420 மில்லிமீட்டரில் சமநிலை கொள்வதாகக் கொள்வோம். நடுப்புள்ளியாகிய 350இலிருந்து ஈர்ப்பு மையம் 70 மில்லிமீட்டர் முன்னுள்ளது. அது நீளத்தில் 10 விழுக்காடு. அடியிலிருந்து 60 மில்லிமீட்டரில் ஒரு கிராம் கூடினால் சமநிலைப்புள்ளி ஏறத்தாழ 407 மில்லிமீட்டருக்குப் பின்வாங்குகிறது. முன்னிலை விழுக்காடு 8.1 ஆகக் குறைகிறது. மொத்த எடையில் நான்கு விழுக்காட்டிற்கும் குறைவான சேர்க்கை, முன்னிலையில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கை எடுத்துவிடுகிறது. தண்டினுள் தங்கிய ஒரு மில்லிலிட்டர் நீரின் எடையும் ஒரு கிராமே. எனவேதான் குதையைக் கழற்றிப் பார்க்க வேண்டியுள்ளது.

இவ்விழப்பை ஈடுசெய்யச் சற்றுக் கனமான முனையைப் பொருத்தலாம். ஆனால் முனை கனத்தால் தண்டு மிகுதியாக வளையும், மீண்டும் பொருத்தம் பார்க்க வேண்டிவரும். சில அம்புகளுக்கு மட்டும் சுருங்குறை இட்டு, மற்றவற்றைப் பசைச் சிறகுகளோடு விடுவது அதனினும் மோசமான வழக்கம்; இருவகையும் ஒரே இடத்தில் சென்று தைப்பதில்லை. உலக வில்வித்தைக் கூட்டமைப்பின் விதிகளும், ஒரு சுற்றில் எய்யப்படும் அம்புகள் சிறகின் அமைப்பிலும் நிறத்திலும் குதையிலும் ஒத்திருக்க வேண்டும் என்கின்றன.

பிளாஸ்டிக் சிறகு மழையில் நனைந்தாலும் வடிவம் மாறாது; இறகு நனைந்தால் ஒட்டிப் படிந்துவிடும். மறுபுறம், அம்பைக் கையின்மீதோ வில்லின் மரத்திட்டின்மீதோ வைத்து எய்யும் மரபு வில்லில் சிறகு உரசாமல் செல்ல முடியாது. அங்கே இறகு மடிந்து வழிவிடும்; பிளாஸ்டிக் தகடு முட்டி அம்பைத் திசைதிருப்பும். அவ்வகை வில்லாளர் இன்றும் வான்கோழி இறகையும் பசையையும் விட்டு அகலாமைக்குக் காரணம் இதுவே.