எப்படி அடிபட்டது? உண்மையைச் சொல்லுங்கள்!

“மாடிப்படியில ரெண்டு படி சறுக்கி விழுந்துட்டா, டாக்டர்!”

என் தங்கையின் கணவர் இப்படிச் சொன்னபோது, நானும் வாயை மூடிக்கொண்டு பக்கத்தில்தான் நின்றேன். அதை நினைத்தால் இன்றைக்கும் வெட்கமாக இருக்கிறது.

நாங்கள் இருப்பது ராஜபாளையத்தில். ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆடிப்பூரத் தேர் பார்த்துவிட்டுத் திரும்பும்போது, தங்கையின் புடவைத் தலைப்பு மோட்டார் சைக்கிளின் பின்சக்கரத்தில் சிக்கி, அவள் ரோட்டில் விழுந்துவிட்டாள். மணிக்கட்டு முறிந்து போனது. பஸ்ஸில் வந்த நான் விஷயம் கேள்விப்பட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினேன்.

“வண்டின்னு சொன்னா போலீஸ் கேஸாயிடும் மதினி. லைசென்ஸ் வேற புதுப்பிக்கலை” என்று தம்பி காதோடு சொன்னார். நானும் சரியென்று இருந்துவிட்டேன்.

அன்று ராத்திரி தங்கை இரண்டு முறை வாந்தி எடுத்தாள். கூப்பிட்டால் அரைத் தூக்கத்தில் முனகினாள். எனக்கு வயிற்றைக் கலக்கியது. டாக்டரிடம் ஓடி, “படியில இல்லைங்க, வண்டியிலேருந்து விழுந்தா. தலையும் தரையில பட்டுச்சு” என்று உண்மையைக் கொட்டிவிட்டேன். உடனே தலையை ஸ்கேன் எடுத்தார்கள். உள்ளே சிறிதாக ரத்தக் கசிவு! அன்றிரவே மதுரைக்குக் கொண்டு போனோம். ஆண்டாள் புண்ணியத்தில் இன்று நன்றாக இருக்கிறாள்.

“கை உடைஞ்சதை எக்ஸ்ரே காட்டும். எப்படி உடைஞ்சதுன்னு நீங்கதாம்மா சொல்லணும்” என்றார் அந்த டாக்டர். அவர் கோபப்படாமல் சொன்னதுதான் எனக்கு அதிகமாக உறைத்தது.

எங்கள் எதிர்வீட்டுப் பெண் மெடிக்கல் கோடிங் வேலை பார்க்கிறாள். ஆஸ்பத்திரிக் குறிப்புகளைப் படித்து, ஒவ்வொன்றுக்கும் உரிய குறியீட்டைப் போடுவதுதான் அவள் வேலை. அவளிடம் விவரம் கேட்டேன்.

உலக சுகாதார நிறுவனத்தின் பத்தாவது நோய்ப் பட்டியலில் காயத்துக்கு இரண்டு விதமான குறியீடுகள் உண்டாம். என்ன காயம் என்பதற்கு ஒன்று, எதனால் வந்தது என்பதற்கு இன்னொன்று. தங்கையின் மணிக்கட்டு முறிவுக்கு எஸ்52. அவள் படியில் விழுந்திருந்தால் காரணம் டபிள்யூ10. மோதல் இல்லாமல் மோட்டார் சைக்கிளிலிருந்து விழுந்ததால் வி28. நாய்க்கடி டபிள்யூ54, பட்டாசு வெடித்தால் டபிள்யூ39, கொதிக்கும் பாலோ எண்ணெயோ பட்டால் எக்ஸ்10, விஷப் பாம்பு கடித்தால் எக்ஸ்20. ‘விழுந்தார்’ என்று மொட்டையாக எழுதியிருந்தால் டபிள்யூ19தான். அதிலிருந்து ஒருவருக்கும் ஒன்றும் விளங்காது.

“இதெல்லாம் கணக்குப் பிள்ளை வேலைதானே?” என்றேன்.

“அப்படிச் சொல்லாதீங்க அத்தை. எந்த விபத்து எங்கே அதிகம்னு இந்தக் கணக்கை வச்சுத்தான் தெரிஞ்சுக்கணும். காயத்தால ஒருத்தர் இறந்தா, அடிப்படைக் காரணமா எடுத்துக்கிறது எலும்பு முறிவை இல்லை, விபத்தைத்தான்” என்றாள்.

உண்மைதானே! தமிழ்நாட்டில் பாம்புக்கடியை அரசுக்குக் கட்டாயம் தெரிவிக்க வேண்டும் என்று 2024-ல் அறிவித்தார்கள். எங்கே எத்தனை பேரைக் கடித்தது என்று தெரிந்தால்தானே, மருந்தை எங்கே தயாராக வைப்பது என்று தெரியும்?

நம் பொய்யால் பணமும் நஷ்டமாகலாம். 2021 டிசம்பரில் தொடங்கிய ‘இன்னுயிர் காப்போம்’ திட்டத்தில், சாலை விபத்தில் சிக்கியவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சை இலவசம். ‘மாடிப்படி’ என்று சொல்பவருக்கு அது எப்படிக் கிடைக்கும்?

இன்னொரு விஷயம். “கதவில் இடிச்சுக்கிட்டேன்” என்று சொல்லும் சகோதரிகள் நம்மிடையே இருக்கிறார்கள். கதவுக்குக் கண்ணுக்குக் கீழே குறி பார்த்து அடிக்கத் தெரியுமா என்ன? பிறர் அடித்ததற்கும் பட்டியலில் தனிக் குறியீடு உண்டு. குடும்ப வன்முறையிலிருந்து நம்மைக் காக்க 2005-ம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. 181-க்குப் போன் செய்தால் உதவி கிடைக்கும். டாக்டரிடம் தனியாகப் பேச வேண்டும் என்று கேளுங்கள். அன்று சீட்டில் எழுதப்படும் ஒரு வரி, நாளைக்கு உங்களுக்குச் சாட்சியாக நிற்கும்.

ஆஸ்பத்திரிக்குப் போனால் இவற்றை மறக்காமல் சொல்லுங்கள்: எப்படி அடிபட்டது, எங்கே, எத்தனை மணிக்கு, என்ன செய்துகொண்டிருந்தபோது, எந்தப் பொருளால், தலையில் பட்டதா. வீட்டுக்கு அனுப்பும்போது தரும் சீட்டைப் படித்துப் பாருங்கள். தவறு இருந்தால் அப்போதே திருத்தித் தரச் சொல்லுங்கள்.

வண்டியில் ஏறுமுன் தலைப்பை இழுத்துச் செருகிக் கொள்ளுங்கள். பின்சக்கரத்தில் புடவை சிக்காமல் இருக்கத் தடுப்பு இருக்க வேண்டும் என்பது சட்டம். தம்பி ‘அழகாக இல்லை’ என்று கழற்றி வைத்திருந்த தடுப்பு, இப்போது வண்டியில் மறுபடியும் ஏறிவிட்டது. லைசென்ஸையும் புதுப்பித்துவிட்டார்!